ஒரு எபிசோடுக்கு ஒரு பேய்க் கதைன்னு தனித்தனியா எடுக்கலாமா, இல்ல மர்மதேசம் மாதிரி ஒரே கதையா இழுக்கலாமா?

பென்னாகரத்தான்:

வணக்கம் மக்களே. நாங்க தர்மபுரி பக்கம் நாலு பசங்க, அதுல ஒருத்தன் கல்யாண வீடியோ ஸ்டுடியோல இருக்கான், ஆடியும் மார்கழியும் வந்தா கேமரா லைட்டு எல்லாம் சும்மாதான் கெடக்குது, அதனால யூடியூப்ல அமானுஷ்ய சீரிஸ் ஒண்ணு பண்ணலாம்னு ரொம்ப நாளா பேசிட்டே இருக்கோம், பேச்சு மட்டும்தான் ஓடுது. இப்போ சண்டை என்னன்னா நான் சொல்றது ஒவ்வொரு எபிசோடும் தனிக் கதையா இருக்கணும், ஆளு வேற ஊரு வேற பேய் வேற, பாக்குறவன் எதை முதல்ல பாத்தாலும் புரியணும். என் ஃபிரண்டு சொல்றான் தமிழ்ல அதெல்லாம் எடுபடாது, நம்ம ஆளுங்களுக்கு மர்மதேசத்துல வந்த விடாது கருப்பு சீரியல் மாதிரி ஒரே ஊரு ஒரே குடும்பம் வாரா வாரம் என்னாச்சு என்னாச்சுன்னு இழுத்தாதான் பாப்பாங்கன்னு.

இன்னொரு கேள்வி. முதல் எபிசோடு தொப்பூர் கணவாய் வெச்சு எழுதியிருக்கேன், ராத்திரி லாரில லிஃப்ட் கேக்குற பொண்ணு. ஆரம்பத்துல "இது உண்மைச் சம்பவம்"னு போட்டா வியூஸ் நல்லா வரும்னு எல்லாரும் சொல்றாங்க. போடலாமா? வெளிநாட்டு சீரிஸ்ல எல்லாம் எப்படி பண்றாங்க, எதை பாத்து கத்துக்கலாம்னு தெரிஞ்சவங்க சொல்லுங்க. பட்ஜெட்டுன்னு ஒண்ணு கிடையாது, டீசல் காசும் பிரியாணியும்தான்.

ஓசூர் ஆண்டெனா:

தம்பி நல்ல கேள்வி, கொஞ்சம் நீளமா எழுதுறேன் பொறுத்துக்கோ. நான் இந்த மாதிரி தனிக்கதை பேய் சீரியல் பாத்தே வளந்தவன். எங்க ஊர்ல அப்போ தமிழ் கன்னடம் இந்தி எது கெடைச்சாலும் உக்காந்து பாப்போம், பாஷை பாதி புரியாது. ஜீ டிவில 1993ல ராம்சே பிரதர்ஸ் எடுத்த ஜீ ஹாரர் ஷோ, அப்புறம் 1995ல சோனில ஆஹட், அது சிஐடி எடுத்த அதே பி.பி.சிங் பண்ணது. இந்தி தெரியாமயே பயந்தோம்னா பாத்துக்கோ. அதுலயே உனக்கு பதில் இருக்குது, பயத்துக்கு வசனம் பெருசா தேவையில்ல.

ஆனா நீ பாக்க வேண்டியது ட்வைலைட் ஸோன். 1959 அக்டோபர்ல அமெரிக்கால சிபிஎஸ்ல ஆரம்பிச்சு 1964 வரைக்கும் 156 எபிசோடு, ராட் செர்லிங்னு ஒரு ஆளு, அதுல 92 அவரே எழுதினது, ஒவ்வொரு கதைக்கும் அவரே நாலு வரி பேசுவார், ரெண்டாவது சீசன்ல இருந்து ஆரம்பத்துலயே வந்து நின்னு பேசுவார். இது ரொம்ப முக்கியம் தம்பி. கதை மாறும், ஆளு மாறும், ஆனா கூட்டிட்டு போற ஆளு ஒருத்தர்தான். அந்த முகம் இல்லன்னா தனிக்கதை சீரிஸ் வெறும் ஷார்ட் ஃபிலிம் குவியல் ஆயிடும், அடுத்த வாரம் எதுக்கு வரணும்னு பாக்குறவனுக்கே தெரியாது. உங்க நாலு பேர்ல நல்லா பேசத் தெரிஞ்சவன் ஒருத்தன நிக்க வைங்க. இல்லன்னா டீக்கடைக்காரர், பஸ் கண்டக்டர், யாரோ ஒரு குரல்.

பட்ஜெட் இல்லன்னு அழாத, அவங்களுக்கும் இதே கஷ்டம்தான். செலவு குறைக்கணும்னு ரெண்டாவது சீசன்ல 6 எபிசோடு ஃபிலிமுக்கு பதிலா வீடியோ டேப்ல எடுத்தாங்க. கடைசி சீசன்ல காசு மிச்சம் பண்ண ஒரு பிரெஞ்சு குறும்படத்தையே வாங்கி ஒரு எபிசோடா போட்டுட்டாங்க, எப்படி? 1961ல வந்த தி இன்வேடர்ஸ்னு ஒரு எபிசோடு இருக்கு, ஒரு கிழவி, ஒரு வீடு, அவ்ளோதான், அந்தம்மா வாயத் தொறந்து ஒரு வார்த்த பேசாது. மொட்டை மாடில என்னமோ வந்து இறங்குது, அது கூட சண்டை போடுது. கடைசி ஒரு நிமிஷத்துல மொத்தக் கதையும் தலைகீழா மாறும், அது என்னன்னு நான் சொல்ல மாட்டேன், பாத்துட்டு வா. உங்க ஆயா ஒருத்தங்க, ஓட்டு வீடு ஒண்ணு இருந்தா போதும், தர்மபுரில ரெண்டுக்கும் பஞ்சமா?

அப்புறம் நீளம். அவங்க நாலாவது சீசன்ல அரை மணி நேரத்த ஒரு மணி நேரம் ஆக்கினாங்க, 18 எபிசோடு வந்துச்சு, நிறைய பேருக்கு பிடிக்கல, அஞ்சாவது சீசன்ல திரும்ப அரை மணிக்கே வந்துட்டாங்க. ஒரு திருப்பத்துக்காக உக்காந்திருக்கவன ரொம்ப நேரம் காக்க வெச்சா அவனே கண்டுபிடிச்சிடுவான். இருபது நிமிஷத்துக்கு மேல போகாத.

லிஃப்ட் கேக்குற பொண்ணு கத வேணாம்பா. எல்லா கணவாய்லயும் அதே வெள்ளப் புடவதான் நிக்குது. ட்வைலைட் ஸோன்லயே தி ஹிட்ச் ஹைக்கர்னு ஒண்ணு 1960ல வந்துச்சு, அத பாரு, தனியா கார் ஓட்டிட்டு போற பொண்ணுக்கு ரோட்டோரம் லிஃப்ட் கேக்குற ஒரே ஆளு திரும்பத் திரும்ப வரான், எவ்ளோ வேகமா போனாலும் முன்னாடி நிக்கிறான். கடைசில வீட்டுக்கு போன் போட்டா தெரியுது அந்தப் பொண்ணுதான் ஏற்கனவே செத்துப் போச்சுன்னு. பேய் லிஃப்ட் கேக்கல, ஓட்டிட்டு போறதுதான் பேய். இப்படி ஒரு புரட்டு யோசி.

சும்மா பாக்க வந்தவன்:

பேயும் இல்ல பிசாசும் இல்ல, உருப்படியா எதாவது எடுங்கடா

காவேரிப்பட்டணம் அக்கா:

மேல இருக்கவருக்கு: இல்லன்னு தெரிஞ்சுதான தம்பி கதை எழுதுறான், இருந்தா எழுத வேண்டியதே இல்லையே, நேரா போய் பேட்டி எடுத்துடலாம்.

பென்னாகரத்தான் தம்பி, உன் ஃபிரண்டு சொல்றத அப்படியே தள்ளிடாத. மர்மதேசமே ஒரு கணக்குல தனிக்கதை தொகுப்புதான். ரகசியம், விடாது கருப்பு, சொர்ண ரேகை எல்லாம் ஒண்ணுக்கொண்ணு சம்பந்தமே இல்லாத கதை, ஊரு வேற ஆளு வேற, மேல மாட்டின போர்டு மட்டும்தான் மர்மதேசம். இந்திரா சௌந்தர்ராஜன் எழுத, பாலசந்தரோட மின்பிம்பங்கள் கம்பெனி எடுத்தது, ரகசியத்தையும் விடாது கருப்பையும் இயக்கினது நாகா. அதனால நீங்க ரெண்டு பேர் கேக்கறதுக்கும் நடுவுல ஒரு வழி இருக்குது, மூணு எபிசோடுக்கு ஒரு கதைன்னு வெச்சுக்கோங்க, முடிச்சிட்டு அடுத்த ஊருக்கு போங்க. எழுத்தாளர் 2024 நவம்பர்ல தவறிட்டாரு, அன்னிக்கு எங்க வாட்ஸப் குரூப்ல பூரா கருப்பசாமி குதிரைல வர்ற படம்தான், எல்லாம் நாப்பது வயசு தாண்டின ஆளுங்க.

விடாது கருப்பு ஏன் இன்னும் நிக்குது தெரியுமா, அதுல வந்தது பேய் இல்ல, சாமி. தப்பு பண்ணா கருப்பு விடமாட்டான்னு ஊரே நம்புது, ஒவ்வொருத்தனா சாகறான், சாமி செஞ்சதா மனுசன் செஞ்சதான்னு கடைசி வரைக்கும் நம்மள ஆட்டி வைக்கும். மனசு சம்பந்தப்பட்ட விளக்கமும் வரும், அதுக்காக சாமி இல்லவே இல்லன்னு அடிச்சும் பேச மாட்டாங்க. நம்பறவனும் பாத்தான், நம்பாதவனும் பாத்தான்.

இத ஏன் சொல்றேன்னா நம்ம பக்கம் எடுக்கும்போது சாமியையும் பேயையும் குழப்பிக்காதீங்க. வேடியப்பன் கோயில்னு நம்ம ரெண்டு ஜில்லாலயும் எத்தன இருக்கு, உள்ள போய் பாத்தா பாதிக்கு மேல நடுகல்லுதான், கைல வில்லோ கத்தியோ வெச்சுட்டு ஒரு வீரன் நிப்பான். ஊரு மாட்ட எவனோ ஓட்டிட்டு போனான், மீட்கப் போய் இவன் செத்தான், அதுக்கு நட்ட கல்லு. செத்தவன் காவலா நிக்கிறான், அவனுக்கு பொங்கல் வெக்கிறோம். அவன கொண்டுபோய் சிவப்பு லைட்டு புகை போட்டு பயமுறுத்த விட்டீங்கன்னா ஊர்ல அடி விழும், விழணும்.

அதே மாதிரி மயானக் கொள்ளை. சிவராத்திரி முடிஞ்சு எங்க ஊர்ல நடக்கறத பாத்திருப்பீங்க, காளி வேஷம் கட்டிட்டு சுடுகாட்டுக்கு போவாங்க, வெளியூர் ஆளுங்க கேமரா தூக்கிட்டு வந்து அத பேய்த் திருவிழான்னு போட்டுட்டு போறாங்க, பாக்கவே எரிச்சலா வருது. கூட்டத்துல புள்ளைய தோள்ல தூக்கிட்டு, வேஷம் கட்டினவர் கிட்ட குழந்தைக்கு திருநீறு வாங்கற அம்மாவ ஒருத்தனும் எடுக்க மாட்டான்.

பென்னாகரத்தான்:

அக்கா ஓசூர் அண்ணா ரெண்டு பேருக்கும் நன்றி. தி இன்வேடர்ஸ் பாத்துட்டேன்ணா, கடைசில வாயடைச்சுப் போச்சு. மூணு எபிசோடுக்கு ஒரு கதைங்கற ஐடியாவ ஃபிரண்டு கிட்ட சொன்னா அவன் ஐடியா மாதிரியே பேசறான் இப்போ. உண்மைச் சம்பவம் போர்டு பத்தி யாருமே சொல்லல?

ரிட்டயர்டு வாத்தி, கிருஷ்ணகிரி:

நான் சொல்கிறேன் தம்பி. போடாதே.

இந்த போர்டு புதுசில்லை. ட்வைலைட் ஸோனுக்கு சில மாதம் முன்னாடியே, 1959 ஜனவரியில், ஒன் ஸ்டெப் பியாண்ட் என்று ஒரு தொடர் அமெரிக்காவில் ஏபிசி சேனலில் வந்தது. ஜான் நியூலாண்ட் என்பவர் இயக்கித் தொகுத்தும் வழங்கினார், மனிதர்களுக்கு நடந்ததாகப் பதிவானவை என்று சொல்லித்தான் ஒவ்வொரு கதையும் ஓடும். 1961 வரை 96 எபிசோடு. ஒரு எபிசோடில் மனுஷன் மயக்கம் தரும் காளானைச் சாப்பிட்டு கேமரா முன்னாடியே உட்கார்ந்திருந்தார், அது தனிக் கூத்து. உண்மை என்று சொன்ன அந்தத் தொடர் இன்னைக்கு எத்தனை பேருக்குத் தெரியும்? கற்பனை என்று சொல்லியே வந்ததை ஓசூர்காரர் இன்னும் சிபாரிசு பண்ணிட்டு இருக்கார்.

இன்னொன்று. பிபிசியில் 1992 அக்டோபர் 31 ராத்திரி கோஸ்ட்வாட்ச் என்று ஒளிபரப்பினார்கள். பேய் இருக்கும் வீட்டிலிருந்து நேரலை போல ஒரு நாடகம், எழுதி முன்னாடியே எடுத்து வைத்தது, ஆனால் மைக்கேல் பார்க்கின்சன் மாதிரி ஜனங்கள் நம்புகிற நிஜத் தொகுப்பாளர்களையே உட்கார வைத்தார்கள். எழுதியவர் பெயரெல்லாம் திரையில் வந்தது, யார் படித்தார்கள்? பிபிசிக்குப் போன் குவிந்தது, பயந்து போன பிள்ளைகளைப் பற்றி மருத்துவ இதழிலேயே கட்டுரை வந்தது. பிரிட்டன் டிவியில் அதை மறுபடி போடவே இல்லை. கலையாகப் பார்த்தால் அருமையான வேலை, நான் மறுக்க மாட்டேன், ஆனால் அந்த போன் கால்களுக்குப் பதில் சொல்ல அவர்களிடம் ஒரு பெரிய நிறுவனம் இருந்தது. உன்னிடம் உன் செல் நம்பர்தான் இருக்கிறது.

தொப்பூர் விஷயம் இன்னும் மோசம். அங்கே இறக்கம், வளைவு, லோடு ஏற்றிய லாரி, பிரேக் சூடாகிப் பிடிக்காமல் போவது, அங்கே அடிக்கடி நடக்கும் விபத்துக்கு இதுதான் காரணம். செத்தவர்கள் வீடு பக்கத்திலேயே இருக்கிறது. "உண்மைச் சம்பவம்" என்று போட்டால் எந்த உண்மை, யார் வீட்டுச் சாவு என்று கேட்பார்களா மாட்டார்களா? ரோட்டைச் சரி பண்ணு என்று கேட்கவேண்டிய இடத்தில் பேய் இழுக்குது என்று நீயும் சேர்ந்து சொல்லாதே. நைட்டு லாரி ஓட்டுகிற பையன்களிடம் போய்ப் பேசு, அவர்கள் பயப்படுவது பேய்க்கா பிரேக்குக்கா என்று கேள்.

மொரப்பூர் ஸ்டேஷன் ரோடு:

வாத்தியார் சொன்னது கரெக்ட், ஆனா கணவாய விட்டுட்டு தண்டவாளத்துக்கு வாங்க. பிபிசில 1970கள்ல கிறிஸ்மஸுக்கு கிறிஸ்மஸ் ஒரு பேய்க்கதை போடுவாங்க, அதுல 1976ல தி சிக்னல்மேன்னு ஒண்ணு வந்துச்சு, சார்லஸ் டிக்கன்ஸ் கதை. ஒரு சுரங்கப்பாதை வாசல், தனியா டூட்டி பாக்குற சிக்னல்காரர், தூரத்துல கைய ஆட்டிட்டு ஒரு உருவம், அது வந்தா அப்புறம் விபத்து நடக்கும். டிக்கன்ஸே 1865ல ஒரு ரயில் விபத்துல மாட்டி உயிர் தப்பினவரு, அடுத்த வருசம் இந்தக் கதைய எழுதினாரு. அதுல இருக்க பயம் எல்லாம் ஒரு மணிச் சத்தத்துலயும் அந்த ஆளோட மூஞ்சிலயும்தான். எங்க தாத்தா ரயில்வேல கேட் டூட்டி பாத்தவரு, நைட்டு ரெண்டு மணிக்கு கேட்ட மூடிட்டு லாந்தரோட நிக்கும்போது எதிர் பக்கம் யாரோ ஒருத்தர் தெறக்கச் சொல்லி நின்னுட்டே இருப்பாராம், ரயில் போனதும் ஆளு இருக்காதாம். நடந்துதான் போயிருப்பாருன்னு அவரே சொல்லுவாரு, ஆனா சொல்லும்போது பீடிய பத்த வெச்சுக்குவாரு. வேணும்னா எடுத்துக்கோங்க, என் பேரு போட வேணாம்.

பம்பை பார்ட்டி:

எல்லாரும் கதைய பத்தியே பேசறீங்க, சத்தத்த மறந்துட்டீங்க. யூடியூப்ல பேய் வீடியோ போடறவன் எல்லாம் ஃப்ரீயா கெடைக்கற அந்த ஒரே வயலின் கீச்ச போடறான், கேட்டதும் ஸ்கிப் பண்ணிடறேன். நம்ம ஊர்ல ராத்திரி என்னென்ன கேக்குதுன்னு ஒரு நாள் மொட்ட மாடில உக்காந்து ரெக்கார்ட் பண்ணுங்க. பம்ப்செட் மோட்டார் ஓடும், திடீர்னு த்ரீ ஃபேஸ் போனா அது நின்னுடும், அந்த நிக்கற செகண்டுதான் உங்க பேய். அதுக்கு மேல ஒரு மியூசிக்கும் தேவையில்ல.

நான் பம்பை அடிக்கறவன், அதனால சொல்றேன், பம்பைய பேக்ரவுண்டுல பயத்துக்கு போடாதீங்க. பம்பை கேட்டா எங்க ஆளுங்களுக்கு சாமி வரும், பயம் வராது. அது கிட்ட வர வர தைரியமாதான் இருக்கும். பயம் காட்டணும்னா அடிச்சிட்டு இருக்க பம்பைய டக்குனு நிறுத்துங்க, சாமி ஆடிட்டு இருந்த ஆளு மட்டும் நிக்காம ஆடிட்டே இருக்கட்டும். ஒரு ஷாட்டு போதும்.

மைக் நல்லதா வாடகைக்கு எடுங்க, கல்யாண கேமரா மேல இருக்க மைக்க நம்பாதீங்க.

காவேரிப்பட்டணம் அக்கா:

பம்பைக்காரர் சொன்ன ஷாட்ட படிச்சிட்டு எனக்கே ஒரு மாதிரி ஆயிடுச்சு. தம்பி அத விட்டுடாத.

இன்னொன்னு சொல்லணும்னு நெனச்சு விட்டுட்டேன். ஓசூர்காரர் ராட் செர்லிங் பத்தி சொன்னாருல்ல, அந்த ஆளு ஏன் பேய் வேற்றுக்கிரகம்னு போனாருன்னு படிச்சுப் பாரு. 1955ல எமெட் டில்னு 14 வயசு கறுப்பின பையன மிசிசிப்பில அடிச்சுக் கொன்னாங்க. அத மனசுல வெச்சு செர்லிங் டிவிக்கு நாடகம் எழுதினாரு, விளம்பரம் தர்ற கம்பெனிங்க பயந்து ஊர மாத்து ஆள மாத்துன்னு சொல்லி கடைசில எந்தக் கதைன்னே தெரியாம பண்ணிட்டாங்க. சொல்ல வேண்டியத நேரா சொல்ல விடலன்னா வேற வேஷத்துல சொல்லலாம்னுதான் ட்வைலைட் ஸோன். 1960ல வந்த மேப்பிள் ஸ்ட்ரீட் கதைல தெருவுல கரண்டு போனதும் பக்கத்து வீட்டுக்காரன வேற்றுக்கிரகக்காரன்னு சந்தேகப்பட்டு ஒருத்தன ஒருத்தன் அடிச்சுக்குவாங்க, அது வேற்றுக்கிரகத்த பத்தின கதையா என்ன?

நம்ம ஊர்ல வாய் தொறந்து பேசாத விஷயம் இல்லையா? எங்க அம்மா காலத்துல பொம்பளப் புள்ள பொறந்தா கள்ளிப்பால் ஊத்தின வீடுங்க இருந்துச்சு, எது எதுன்னு ஊருக்கே தெரியும், ஒருத்தரும் பேச மாட்டாங்க. கொல்லாம அரசாங்கத் தொட்டில்ல விட்டுடுங்கன்னு 1992ல சேலத்துல தொட்டில் குழந்தைத் திட்டம் ஆரம்பிச்சு அப்புறம் தர்மபுரிக்கும் வந்தது எதுக்குன்னு நெனைக்கற? வெள்ளப் புடவைக்கு பதிலா, ஒரு வீட்ல புதுசா பொறந்த பேரன் தொட்டில்ல தூங்கறான், அழுக சத்தம் மட்டும் பக்கத்து ரூம்ல இருந்து கேக்குது. வீட்ல இருக்க எல்லா கிழவிக்கும் கேக்குது, ஆம்பளைங்க யாருக்கும் கேக்கல. இத எடு. பேய காட்டவே வேணாம்.

ஓசூர் ஆண்டெனா:

அம்மாடி. இதுக்கு மேல நான் சொல்ல ஒண்ணும் இல்ல. ஒரே ஒரு திருத்தம், ஆம்பளைங்க யாருக்கும் கேக்கலன்னு வெக்காதீங்க, தாத்தாவுக்கும் கேக்கட்டும், கேக்காத மாதிரி டிவி சத்தத்த கூட்டி வெக்கட்டும்.

காவேரிப்பட்டணம் அக்கா:

ஆமாங்க, அதுதான் சரி. நம்ம வீட்டு ஆம்பளைங்க அப்படித்தான்.

சும்மா பாக்க வந்தவன்:

இது எடுத்தா நான் பாப்பேன். ஆனா கடைசில சாமியார் வந்து தாயத்து கட்டி சரி பண்ற சீன் வெச்சா டிஸ்லைக் போட்டுட்டு போயிடுவேன் சொல்லிட்டேன்

பென்னாகரத்தான்:

சாமியார் கிடையாது ப்ரோ, சத்தியமா. தொப்பூர் கதைய தூக்கிட்டோம், உண்மைச் சம்பவம் போர்டும் இல்ல. முதல்ல அக்கா சொன்ன தொட்டில் கதை, ஓட்டு வீடு எங்க பெரியப்பாவோடது பூட்டிக் கெடக்குது, சாவி கேட்டிருக்கோம். ரெண்டாவது மொரப்பூர் அண்ணனோட தாத்தா கதை, ஆனா ரயில்வே கேட்ல ஷூட்டிங்குக்கு பர்மிஷன் எல்லாம் எங்களால ஆகாது, அத மாந்தோப்பு வாசல் கேட்டா மாத்தினா கதை நிக்குமாண்ணா? ராத்திரில காய் திருடாம இருக்க காவல் இருப்பாங்கல்ல, அந்த மாதிரி. பம்பை அண்ணா, அந்த ஷாட்டுக்கு நீங்களே வந்து அடிக்கணும், நம்பர் மெசேஜ்ல அனுப்புங்க.

அப்புறம் ஆயா வேஷத்துக்கு ஆள் தேடிட்டு இருக்கோம். எங்க வீட்டு ஆயாங்க எல்லாம் கேமராவ பாத்தா சிரிக்குறாங்க.

மொரப்பூர் ஸ்டேஷன் ரோடு:

மாந்தோப்பு தாராளமா நிக்கும். ஆனா கேட்டுக்கு அந்தப் பக்கம் நிக்கறவன் கைல ஒரு பை இருக்கணும், திருடனா இல்லையான்னு காவல்காரனுக்கு சந்தேகம் வரணும், அப்பதான் கதவத் தெறக்கலாமா வேணாமான்னு அவன் யோசிப்பான். காய் சீசன்லயே எடுத்துடுங்க, அறுப்பு முடிஞ்சா தோப்புல காவலுக்கே ஆளு இருக்க மாட்டாங்க.

பம்பை பார்ட்டி:

அனுப்பிட்டேன் தம்பி. ஆயா வேஷத்துக்கு தெருக்கூத்துல பொம்பள வேஷம் கட்டற பெரியவர் ஒருத்தர் எனக்குத் தெரியும், அறுவது வயசுக்கு மேல, பாலக்கோடு பக்கம். புடவ கட்டி உக்காந்தா அவரு பொண்டாட்டிக்கே அடையாளம் தெரியாது. சம்பளம் பெருசா கேக்க மாட்டாரு, ஆனா நைட்டு களி வேணும், பிரியாணி சாப்ட மாட்டாரு.